சமையலறைக்குள் நுழையாத கேமரா

"கதவைக் கழட்டினாலும் உள்ள போகாது சார்," என்றார் கேமராமேன்.

சமையலறை வாசலை அடைத்துக்கொண்டு யானைக்குட்டி மாதிரி நின்றது அந்தப் பெரிய பிலிம் கேமரா. வழக்கமான சின்னக் கேமரா ரிப்பேர் என்று வாடகைக் கடைக்காரர் அனுப்பி வைத்தது. மதியம் தயாரிப்பாளர் வருவார். இந்தக் காட்சி பிடிக்காவிட்டால் படத்துக்கு இன்றோடு முழுக்கு என்று சொல்லிவிட்டார்.

காட்சி இதுதான்: கணவன் மனைவி சண்டை. இயக்குநரே எழுதிய ஆறு பக்க வசனம். எடிட்டரான அவர் மனைவி அதைப் படித்துவிட்டு வாயே திறக்காமல் திருப்பிக் கொடுத்தாள். அதையே அவர் பாராட்டாக எடுத்துக்கொண்டார்.

"இதுக்கெல்லாம் அசருற ஆளா நான்? வெளிய வைங்க. ஜன்னல் வழியா எடுப்போம்."

வெளியே வைத்தார்கள். ஓடவிட்டதும் போட்டதே ஓர் இரைச்சல்! கதாநாயகி தொண்டை கிழியக் கத்தியும் ஒரு சொல்கூடக் கேட்கவில்லை.

"டப்பிங்ல சேர்த்துக்கலாம்யா."

"சேர்க்கலாம் சார். ஆனா இதுல பிலிம் ரோல் சீக்கிரம் தீர்ந்துடும். ரெண்டாம் பக்கம் தாண்டாது."

இயக்குநர் ஆறு பக்கத்தையும் புரட்டிப் பார்த்தார். அத்தனையும் முத்தான வசனம்!

"சரி, பேசவே வேணாம். அங்கயும் இங்கயும் நடந்து முறைக்கட்டும்!"

கதாநாயகி ஓர் அடி வைத்தாள். கேமராவில் அவள் முகம் மங்கிப்போனது.

"இந்தக் கேமராவுல இம்மி நகர்ந்தாலும் ஃபோகஸ் போயிடும் சார்."

"அப்ப நகரவும் வேணாம்! உக்காரச் சொல்லுய்யா!"

உட்கார்ந்தார்கள். கணவன் ஒரு மூலையில், மனைவி ஒரு மூலையில். பேச்சில்லை, அசைவில்லை.

மதியம் தயாரிப்பாளர் மானிட்டரில் அதைப் பார்த்தார். கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"யோவ், ஒரு வார்த்தை பேசலையே, என்னைக் கலங்கடிச்சிட்டியே! முழுப் படத்தையும் இப்படியே எடு."

இயக்குநர் நெஞ்சை நிமிர்த்தினார். "இதுக்குன்னே இந்தக் கேமராவைப் பிடிச்சேன் சார். இவ்வளவு பெரிய பிலிம்ல முகமே பேசும். வாய் எதுக்கு?"

கேமராமேனுக்குப் புரையேறியது.

சாயங்காலம் கேமராவைப் பார்க்க வாடகைக் கடைக்காரர் வந்தார்.

"இது என்கிட்டயே இருக்கட்டும்," என்றார் இயக்குநர். "நல்லவேளை, அந்தச் சின்னது ரிப்பேர் ஆச்சு!"

"அதுக்கென்ன சார், கல்லு மாதிரி இருக்கு. 'இருக்கறதுலயே பெருசா, இரைச்சலா, நகர முடியாததா ஒண்ணை அனுப்புங்க, ரிப்பேர்னு சொல்லிக்கலாம்'னு போன் பண்ணதே உங்க வீட்டம்மாதான். உங்க வசனத்தை வெட்டி வெட்டி அவங்களுக்குக் கை ஓஞ்சு போச்சாமே!"