வாய்தா அக்காவும் உறங்கிய உத்தரவும்

பெரம்பலூரில் எங்கள் சத்துணவுப் பிரிவு ஆபீஸை நடுங்க வைத்த ஒரே ஆள் வாய்தா அக்காதான். ஆடிட்காரர்கள் வந்தால் டீ வாங்கிக் கொடுத்துச் சமாளித்துவிடுவோம். அக்கா டீயும் குடிக்க மாட்டார், சமாதானமும் ஆக மாட்டார்.

குன்னம் பக்கம் ஒரு பள்ளிக்கூடத்தில் சத்துணவு சமைத்தவர். ஒருநாள் வண்டு விழுந்த பருப்பு வந்தது. "இதைப் புள்ளைங்களுக்குப் போட மாட்டேன்" என்று மூட்டையோடு பஸ் ஏறி வந்து, எங்கள் அதிகாரியின் மேஜைமேல் வைத்துவிட்டார். வண்டுகள் கோப்புகளுக்குள் குடியேறின. பருப்பை மாற்றினோம். கூடவே, 'கீழ்ப்படியாமை' என்று எழுதி அக்காவையும் வேலையைவிட்டு நீக்கினோம்.

அக்கா சென்னை உயர்நீதிமன்றத்துக்குப் போனார். வழக்கு முடியும்வரை அவரை வேலையில் வைத்திருக்க வேண்டும், இரண்டு வாரத்துக்குள் சேர்க்க வேண்டும் என்று இடைக்கால உத்தரவு வந்தது. வந்து என் மேஜையில் படுத்துக்கொண்டது. அதிகாரி "பாக்கலாம்" என்றார். நானும் பார்த்துக்கொண்டே இருந்தேன்.

கோர்ட்டு வாய்தாவுக்கு வருவதுபோல் திங்கட்கிழமை தவறாமல் அக்கா வந்தார். பெயர் அப்படி விழுந்ததுதான்.

"தம்பி, என் உத்தரவு என்னாச்சு?"

"பரிசீலனையில இருக்குக்கா."

"அவரு எந்த ரூம்ல இருக்காரு? நானே பாத்துப் பேசிக்கிறேன்."

உத்தரவை வக்கீல் தமிழில் எழுதிக் கொடுத்திருந்தார்; அதை அக்கா நின்றபடியே உரக்கப் படிப்பார். நாலாவது மாதம் எங்கள் வாட்ச்மேனுக்கே அது மனப்பாடம். அதிகாரி ஒருநாள் பின்வாசல் வழியாக நழுவினார். அக்கா அங்கே நின்று முதல் வரியிலிருந்து ஆரம்பித்தார்.

"எத்தனை வாட்டிம்மா படிப்பீங்க?"

"உங்களுக்குப் புரியிற வரைக்கும் சார்."

புரியவில்லை என்று தெரிந்ததும் நீதிமன்ற அவமதிப்பு மனு போட்டார். அதிகாரி நேரில் ஆஜராக வேண்டும் என்று நோட்டீஸ் வந்தது. கீழ்ப்படியவில்லை என்று ஒருத்தரை வீட்டுக்கு அனுப்பிவிட்டு, உயர்நீதிமன்றத்துக்கே கீழ்ப்படியாமல் உட்கார்ந்திருந்தது நாங்கள்தான் என்பது அப்போதுதான் உறைத்தது.

வாய்தாவுக்கு முந்தின நாள், மாதக்கணக்கில் நகராத கோப்பு அரை மணி நேரத்தில் எல்லாக் கையெழுத்தையும் வாங்கியது. ஆணையை எடுத்துக்கொண்டு பஸ் ஸ்டாண்டுக்கு ஓடினேன். சென்னை பஸ்ஸில் ஜன்னலோரம் அக்கா.

"ஆர்டர் வந்துடுச்சுக்கா! இறங்குங்க, கேஸு வேணாம்."

வாங்கி, கடைசி வரிவரை படித்து, மடித்துப் பைக்குள் வைத்தார். "வேலைக்கு நாளன்னிக்கு வரேன். நாளைக்கு கோர்ட்டுல வரச் சொல்லியிருக்காங்க. கோர்ட்டு சொன்னா நான் கேப்பேன் தம்பி, உங்களாட்டம் இல்ல."

மறுநாள் அதிகாரி நிபந்தனையற்ற மன்னிப்புக் கேட்டார். பின்னால் நான் கோப்போடு நின்றிருந்தேன். நீதிபதி அக்காவைப் பார்த்து, "என்னம்மா சொல்றீங்க?" என்றார்.

"தண்டனை வேணாங்கய்யா. சாரு உள்ள போயிட்டா நல்ல பருப்புக்குக் கையெழுத்துப் போட ஆளிருக்காது. இனிமே உத்தரவு வந்தா, வந்த அன்னிக்கே படிக்கச் சொல்லுங்க."

நீதிபதி சிரிப்பை அடக்கிக்கொண்டு மன்னிப்பை ஏற்றார்.

அக்கா வேலையில் சேர்ந்த நாள், பதிவேட்டில் கையெழுத்து வாங்கப் பள்ளிக்கூடத்துக்கு நான்தான் போனேன். வாங்கியதும் ஓடிவிட நினைத்தவன் முன்னால் ஒரு தட்டு வந்தது.

"எங்களால இத்தனை மாசம் அலைஞ்சீங்களேக்கா..."

"அதுக்காகப் பட்டினி போடுவாங்களா? உக்காருங்க தம்பி, சோறு ஆறுது."

தலை நிமிராமல் சாப்பிட்டேன். நிமிர்ந்தால் அவர் என் கண்ணைப் பார்த்துவிடுவார்.