பேய் வந்தபோது நான் எங்கே இருந்தேன்

அன்புள்ள அக்காவுக்கு,

தம்பி பணிவுடன் எழுதிக்கொண்டது. என் முழங்காலைத் தவிர இங்கே எல்லாரும் சுகம். அங்கே உன் சுகத்தையும், அதைவிட முக்கியமாக உன் ஞாபகசக்தியின் சுகத்தையும் அறிய ஆவல்.

நேற்று போனில் நீ சொன்னதைக் கேட்டதிலிருந்து எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. முதலிலிருந்து எழுதுகிறேன், நிதானமாகப் படி. நான் மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலை பார்த்த காலத்தில், தொலைக்காட்சி நிலையத்து இயக்குநர் ஒருவர் கண்ணாடி மாற்ற வந்தார். புதுக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு முதலில் என்னைத்தான் பார்த்தார். "உங்க முகத்துல ரத்தமே இல்லையே, பேயா நடிக்கிறீங்களா" என்றார். அப்படித்தான் அந்த நாடகத்தில் நுழைந்தேன். அதில் ஒரு விஞ்ஞானி, நாளைக்குப் போவதற்கென்று ஒரு இயந்திரம் செய்கிறான். அது அவனை நேற்றைக்குத் தள்ளிவிடுகிறது, அதுவும் உடம்பில்லாமல். அவன் தன் வீட்டுச் சமையலறையிலேயே பேயாக நின்று, இன்னும் கிளம்பாத தன்னைப் பார்த்து "சுவிட்சைத் தொடாதே" என்கிறான். பேயைக் கண்ட பயத்தில் இவன் அந்த சுவிட்சின் மேலேயே போய் விழுகிறான். அந்தப் பேய் நான். விஞ்ஞானியாக நடித்தவர் வேறு ஆள் என்பதால், முகம் தெரியாமலிருக்க எனக்கு மாவை அப்பிவிட்டார்கள். அதுதான் இப்போது வினையாகிவிட்டது.

அது நேரடி ஒளிபரப்பு. நாங்கள் அங்கே நடிக்க நடிக்க நீங்கள் வீட்டில் பார்த்தீர்கள், அதோடு சரி, ஒரு நகல்கூட யாரிடமும் இல்லை. இப்போது அதே நிலையம் அந்த நாடகத்தை மறுபடி எடுக்கிறது, தொடக்கத்தில் பழைய நடிகர்களின் பெயரைப் போடப் போகிறார்களாம். விசாரிக்க வந்த நிலையத்துப் பெண், "பேயா நடிச்சது நான்தான்னு இன்னொருத்தரும் சொல்றாரு சார்" என்றாள். யாரென்று பார்த்தால் அந்தக் காலத்தில் நிலையத்து வாசலில் நின்ற காவலாளி, மீசை என்று கூப்பிடுவோமே, அவர். எத்தனை மாவு பூசினாலும் அந்த மீசை மறையுமா அக்கா? பேய்க்கு மீசை இருந்ததா என்று கேட்டேன். "பாத்தவங்க சொன்னாத்தானே சார் தெரியும், உங்களைப் பாத்தவங்க யாரு இருக்காங்க" என்றாள். என் அக்கா இருக்கிறாள் என்று மார்தட்டிவிட்டு உனக்குப் போன் போட்டேன்.

நீ என்ன சொன்னாய்? "உன்னைப் பாக்காம இருப்பேனா, என் பக்கத்துல உக்காந்துதானே நாடகம் பாத்தே" என்றாய். நான் நடிக்கும் நாடகத்தை நான் எப்படி உன் பக்கத்தில் உட்கார்ந்து பார்ப்பேன்? கேட்டால், "உங்க அத்தான் மாடியில ஆன்டெனாவைத் திருப்பிக்கிட்டிருந்தாரு, நீதான் எழுந்து போய் ஜன்னல்ல நின்னு தெரியுது, தெரியலன்னு கத்தினே" என்று இன்னொன்றையும் சேர்க்கிறாய். அத்தான் உயிரோடு இருந்தால் அவரிடமே கேட்டிருப்பேன். சரி, நம் வீட்டம்மாவைக் கேட்போம், அப்போது கல்யாணமான புதிது, புருஷன் எங்கே இருந்தான் என்று கவனித்திருப்பாள் என்று பார்த்தால், "அண்ணி சொல்றதுதான் சரி. பேய் வந்ததும் தண்ணி டம்ளரைக் கீழ போட்டீங்க, துடைச்சது நான்" என்கிறாள். துடைத்தவளுக்கு மறக்காதாம். இரண்டு பேரும் பேசிவைத்துக்கொண்டு சொல்கிறீர்களா? ஒரே ஆள் ஒரே நேரத்தில் ஸ்டூடியோவிலும் உன் வீட்டிலும் இருப்பதெல்லாம் நாடகத்தில் நடக்கலாம், எனக்கு எப்படி நடக்கும்? கேமராவைப் பார்த்தபடி, அக்கா இப்போது பார்த்துக்கொண்டிருப்பாள் என்று நினைத்தது எனக்கு அப்படியே ஞாபகம் இருக்கிறது. இன்று காலை முகச்சவரம் செய்யும்போதுகூட, கண்ணாடியில் இருப்பவரிடம் நீங்கள் ஸ்டூடியோவில் இருந்தவரா, அக்கா வீட்டில் இருந்தவரா என்று கேட்கலாமா என்று தோன்றியது.

சிரிக்காதே அக்கா. ஆயுசு முழுக்க அடுத்தவர் கண்ணுக்காகத்தான் வேலை செய்தேன். என்னை நாலு பேர் பார்த்தது அந்த ஒரு தடவைதான். அதையும் மீசைக்குத் தூக்கிக் கொடுக்க எனக்கு மனசு வரவில்லை. ஆகவே, "என் தம்பி அன்றைக்கு என் வீட்டில் இல்லை, டிவி பெட்டிக்குள்தான் இருந்தான்" என்று இரண்டு வரி எழுதிக் கையெழுத்துப் போட்டு உடனே அனுப்பிவை. டம்ளரைப் பற்றி அதில் எதுவும் வேண்டாம்.

பிள்ளைகளுக்கு என் அன்பைச் சொல். மூத்தவளான உன் ஆசி எனக்கு என்றைக்கும் வேண்டும், உன் ஞாபகம் மட்டும் கொஞ்சம் குறைவாக இருந்தால் போதும்.

இப்படிக்கு,
பெட்டிக்குள் இருந்த உன் தம்பி

பின்குறிப்பு: உறையை ஒட்டப்போகும் நேரத்தில் நிலையத்துப் பெண் போன் செய்தாள். அன்றைய ஒப்பனைக்காரரைக் கண்டுபிடித்துவிட்டாளாம். பேய் நான்தான் என்று அவர் அடித்துச் சொல்லிவிட்டார். மீசை பேய்க்குப் புகை போட்டவர், பாவம். ஒத்திகையில் அந்தப் புகைக்கு எல்லாரும் இருமித் தள்ளியதால், பேய்க் காட்சியை மட்டும் முந்தின நாளே படம் பிடித்துவைத்து, நாடகத்தின் நடுவில் ஓட்டினார்களாம், அந்தச் சுருளும் இப்போது இல்லையாம். "அன்னைக்கு அவரு வரவே இல்லம்மா, அக்கா வீட்டுல உக்காந்து பாக்கப் போறேன்னு சொல்லிட்டாரு" என்றாராம். ஆகவே நீ சொன்னது சரி, டம்ளரும் சரி, சாட்சிக் கடிதம் வேண்டாம். கேமராவைப் பார்த்து உன்னை நினைத்தது முந்தின நாளாக இருக்கும். இப்போது எனக்கும் ஒவ்வொன்றாக வருகிறது, உன் வீட்டு ஜன்னல் கம்பியின் துரு கையில் ஒட்டியது முதற்கொண்டு. "தெரியுது அத்தான், நான் வந்துட்டேன், சீக்கிரம் கீழ வாங்க" என்று கத்தினேன். என்னைத் திரையில் பார்க்க அவரைவிட ஆசைப்பட்டவர் அந்த வீட்டில் யாருமில்லை. அவர் படியிறங்கி வருவதற்குள் என் காட்சி முடிந்துவிட்டது. கையைத் துடைத்துக்கொண்டே, "பரவால்ல, அடுத்த நாடகத்துல பாத்துக்கறேன்" என்றார்.