மேலே போகும் கோடு

மேலாளர் கதவைத் திறந்தபோது, கணக்கரின் கணினித் திரையில் சீட்டாட்டத்தில் தோற்ற பெண்மணி இடது கையுறையைக் கழற்றிக்கொண்டிருந்தாள்.

இணையம் தொலைபேசிக் கம்பி வழியே தவழ்ந்து வந்த காலம் அது. ஒரு படம் முழுசாக இறங்குவதற்குள் மனுஷனுக்கு ஆசையே விட்டுப்போகும். கணக்கர் மாய்ந்து மாய்ந்து ஆடியும் இதுவரை தொப்பியும் கையுறையும்தான் ஆகியிருந்தன. ஆனால் இந்த மாதிரி விளையாட்டுகளைச் செய்தவர்கள் விவரமானவர்கள். ஆபீசில் உட்கார்ந்துதான் ஆடுவார்கள் என்று தெரிந்து, மூலையில் ஒரு பொத்தான் வைத்திருந்தார்கள். அழுத்தினால் பெண்மணி மறைந்து, ஒரு வரைபடம் வந்து நிற்கும். கணக்கர் அழுத்தினார்.

"என்னய்யா இது, கோடு விறுவிறுன்னு மேல போகுது?"

"விற்பனை சார்."

"நம்ம கிளையா?"

வாயை வைத்துக்கொண்டு சும்மா இருந்திருக்கலாம். "ஆமா சார்."

நாற்காலி விற்கும் அந்தக் கிளையை இழுத்து மூடிவிடலாமா என்று தலைமையகம் யோசித்துக்கொண்டிருந்த நேரம். மேலாளருக்குக் கண்ணே கலங்கிவிட்டது. "ஒரு பிரிண்ட் குடு."

தாளின் அடியில் விளையாட்டின் பெயர் கொட்டை எழுத்தில் வந்து தொலைத்தது. கணக்கர் அவசரமாகக் கத்தரித்துவிட்டுக் கொடுத்தார்.

"ஏன்யா, எலி கடிச்ச மாதிரி இருக்கு? நாளைக்குத் தலைமையகத்துலேர்ந்து பெரியவர் வர்றார். கம்ப்யூட்டர்லயே காட்டிடுவோம்."

"என் திரை சின்னது சார். அவ்வளவு பேருக்குத் தெரியாது."

"அதுவும் சரிதான். புரொஜெக்டர் வாடகைக்கு எடுத்து சுவர்ல பெருசா காட்டிடலாம்."

மறுநாள் ஊழியர் அத்தனை பேரும் கூடியிருக்க, கோடு சுவர் முழுக்க ஏறியது. மவுஸை எங்கே தட்டினாலும் பெண்மணி திரும்பி வந்துவிடுவாள், அதுவும் ஆள் உயரத்துக்கு. அதோடு வேலை போச்சு. வீட்டுக்குப் போய் மனைவி முகத்தில் விழிக்கவும் முடியாது. கணக்கர் மவுஸுக்குப் பக்கத்திலேயே காவலுக்கு நின்றார்.

"உள்ள இன்னும் விவரம் இருக்கும் சார், காட்டுறேன்," என்று மேலாளர் மவுஸை நோக்கிக் கையை நீட்டினார்.

"தொடாதீங்க," என்று பெரியவர் எழுந்தே விட்டார். "மவுஸ்ல யாரும் கை வைக்காதீங்க. நல்ல வளர்ச்சி. கிளையை மூடல. மொதல்ல அந்த புரொஜெக்டர் ஒயரைப் பிடுங்குங்க."

முகத்தைத் துடைத்துக்கொண்டு, கொடுத்த காபியைக்கூடத் தொடாமல் காருக்குப் போய்விட்டார். பிழைத்தோம் என்பது தவிரக் கணக்கருக்கு ஒன்றும் விளங்கவில்லை.

பெரியவரின் பையை எடுக்க வந்த டிரைவர், மேஜையில் கிடந்த பிரிண்ட்டைக் கையில் எடுத்துப் பார்த்தார்.

"அட, இந்தக் கோடா? நான் எப்பக் கதவைத் தட்டிட்டு உள்ள போனாலும் ஐயா கம்ப்யூட்டர்ல இதேதான் சார் இருக்கும்."