சுத்த மனசோடு தூக்கிய பம்பு

அன்று காலை தோட்டத்தில் இருந்தவர்கள்: அப்பா, அம்மா, நான், மூன்று அரசாங்க அதிகாரிகள், எங்கள் தண்ணீர் பம்பு. இல்லாதவர் ஒருவர்தான். அதிகாரிகள் தேடி வந்ததே அவரைத்தான்: மேல் தோட்டத்து அந்தோணி அண்ணன். முட்டைக்கோஸ் ஏற்றிக்கொண்டு கோலா தெர்லா டவுனுக்குப் போயிருந்தார்.

தேயிலை மலையிலிருந்து இறங்கும் ஓடையில் அவர் பெர்மிட் இல்லாமல் தண்ணீர் எடுக்கிறார் என்று புகார். பம்பைப் பறிமுதல் செய்ய உத்தரவு. எங்களுக்குப் பெர்மிட் உண்டு. ஆனால் மூடுபனியில் அதிகாரிகள் ஒரு தோட்டம் முன்னாலேயே நின்றுவிட்டார்கள். (இதுவரை தவறு அவர்களுடையது. இனிமேல் என்னுடையது.)

எங்கள் குடும்பத்தில் முதன்முதலாகப் பல்கலைக்கழகம் போனவன் நான். சட்டப் படிப்பில் ஓராண்டு முடிந்திருந்தது. தோட்டத் தொழிலாளர் லயத்து வீடுகளில் யாருக்குக் கடிதம் வந்தாலும் படிப்பதும் கையெழுத்துப் போடுவதும் நானே.

படிக்கத் தெரிந்த ஒருவர் இடத்தைச் சரிபார்த்துக் கையெழுத்திட வேண்டும் என்றார் பெரிய அதிகாரி. என் நெஞ்சு நிமிர்ந்தது. உத்தரவுத் தாளைத் திருப்பி, பின்பக்கம் பொடி எழுத்தில் இருந்த சட்டப் பிரிவுகளை ஒரு வரி விடாமல் படித்தேன். முன்பக்கம் கொட்டை எழுத்தில் இருந்த நில எண்ணைப் படிக்கவில்லை. (அதெல்லாம் ஆபீஸ் கிராணி பார்க்கிற வேலை என்று நினைத்திருப்பேன்.)

"நம்மகிட்ட பெர்மிட் இருக்கே தம்பி. எடுத்துக் காட்டுனா போதாதா?" என்றார் அப்பா என்னிடம்.

"தடுத்தா குத்தம்பா. எதுவா இருந்தாலும் ஆபீஸ்ல பேசிக்கலாம் லா. சட்டம் தெரியாம பேசாதீங்க" என்றேன் நான்.

அப்பா பம்பின் குழாயைக் கழற்றிக் கொடுத்தார். நான் என் பேனாவால் கையெழுத்திட்டேன். (பேனாவை மறதியாகப் பெரிய அதிகாரி தன் சட்டைப்பையில் செருகிக்கொண்டார்.) பம்பு கனமாக இருந்ததால் லோரியில் ஏற்ற ஒரு பக்கம் பிடித்தும் கொடுத்தேன். அம்மா மூவருக்கும் தேநீர் கொடுத்தார்.

மாலையில் அந்தோணி அண்ணன் தாளின் நகலைப் பார்த்தார். "தம்பி, இது என் நெலத்து நம்பரு" என்றார் மெதுவாக.

பம்பு திரும்ப வரப் பத்தொன்பது நாளானது. பிளாஸ்டிக் கூரைக்கடியில் வளரும் எங்கள் தக்காளிக்கு வெளியே மழை பெய்தும் பயனில்லை. அப்பாவும் நானும் ஓடைக்கும் செடிக்குமாக வாளி தூக்கினோம். என்னை அவர் ஒரு வார்த்தை திட்டவில்லை. அதுதான் வாளியைவிடக் கனம். பாதிச் செடிகள் காய்ந்தன.

நஷ்டஈடு கேட்டு ஒன்பது பக்கம் எழுதிக்கொண்டு அப்பாவோடு ஆபீஸுக்குப் போனேன். அந்தப் பெரிய அதிகாரி கெட்டவர் அல்லர். எழுந்து நின்று அப்பாவிடம் மன்னிப்புக் கேட்டார். பிறகு சட்டத்தைத் திறந்து காட்டினார். சுத்த மனசோடு கடமையைச் செய்த அதிகாரிமேல் வழக்குப் போட முடியாது. அவர் மனசு சுத்தம் என்பதற்குச் சாட்சி? 'இடம் சரி' என்பதன் கீழே, முத்து முத்தாக என் கையெழுத்து.

அப்பாவுக்குத் தமிழில் மொழிபெயர்த்துச் சொன்னேன். கேட்டுத் தலையாட்டினார்.

"சரி, அவரு மனசு சுத்தம்தான். நம்ம தக்காளிக்கு யாரு பதில் சொல்றது?"

என் ஒன்பது பக்கத்தில் அதற்குப் பதில் இல்லை. இப்போது கடைசி ஆண்டில் இருக்கிறேன். இன்னும் தேடிக்கொண்டிருக்கிறேன்.

அம்மா குழம்பில் உப்பை அள்ளிப் போட்டுவிட்டால், "சுத்த மனசோடதான் போட்டேன், கேஸ் போட முடியாது" என்பார். "தம்பிகிட்ட கையெழுத்து வாங்கிட்டியா?" என்பார் அப்பா.

தக்காளியில் போன பணம் மூவாயிரத்து எண்ணூறு வெள்ளி. பம்பைக் கொண்டுபோக அரசாங்க லோரி இருந்தது, திருப்பிக் கொண்டுவர இல்லை. வாடகை லோரிக்கு அறுபது. ஆக மொத்தம் மூவாயிரத்து எண்ணூற்று அறுபது வெள்ளி, ஒரு பேனா.