பால்காரரின் பசு ஜாமீன்

ஜொகூர் சீமை முழுவதும் தேடினாலும், எங்கள் பால்காரரைப்போல் திருடர்களை நம்பிய இன்னொரு மனிதரைப் பார்க்க முடியாது. எங்கள் ஊர் பொந்தியானில் அவருக்கு ‘ஜாமீன் பால்காரர்’ என்றே பெயர். போலீஸ் யாரைப் பிடித்தாலும், தம்முடைய ஒரே பசுவை ஈடாகக் காட்டி வெளியே கொண்டுவந்துவிடுவார். ஏன் என்று கேட்டால், “அடைச்சு வெச்சா மாடே பால் குடுக்காது. மனுசன் மட்டும் உண்மையைக் குடுப்பானாம்மா?” என்பார்.

எனக்கு இது வேடிக்கையாக இல்லை. என் கைக்குழந்தை அந்தப் பசுவின் பாலைத் தவிர எதையும் குடிக்கமாட்டாள். டின் பாலை என் முகத்திலேயே துப்புவாள். ஆகவே ஊரில் எவனாவது கோழி திருடினால், நாளைக்குப் பாலுக்கு என்ன செய்வது என்று நான் கணக்குப் போட ஆரம்பித்துவிடுவேன்.

அப்படித்தான் மாரி என்ற தோட்டத்து ஆள் ஒரு கோழியோடு பிடிபட்டான். வழக்கம்போல் பசு ஜாமீன். விசாரணை திங்கட்கிழமை காலை. தம் வீட்டில் தங்கியிருந்த மாரி ராகு காலத்தில் கிளம்பினால் நிச்சயம் ஜெயில் என்று பால்காரர் பயந்தார். தாம் மட்டும் விடியும்போதே கோர்ட்டுக்குப் போய் உட்கார்ந்துகொண்டார். மாரிக்கு ஊர் தெரியாது. பசுவுக்குத் தெரியும், தினமும் அது கடைசியாகப் பால் கொடுக்கும் இடம் கோர்ட்டு வாசல்தான். “ராகு காலம் முடிஞ்சதும் மாட்டை அவுத்துக்கிட்டு அது பின்னாலேயே வாடா” என்று சொல்லியிருந்தார்.

கோர்ட்டுக்குப் போகும் வழியில் எத்தனை வீட்டில் பசு நிற்கும் என்பதை மறந்துவிட்டார்.

பால் வரவில்லையே என்று அழும் குழந்தையோடு வாசலில் நின்றேன். பசு வந்து நின்றது. கயிற்றின் மறுமுனையில் நெற்றி நிறையத் திருநீற்றோடு புது ஆள்.

“அம்மா, இதுதான் கோர்ட்டா?”

“இது வீடு!”

“எல்லா வீட்லயும் இதையேதான் சொல்றாங்க. மாடு நிக்குது, நானும் கும்புட்டு நிக்கிறேன்.”

மாரி இவன்தான் என்று புரிந்துபோயிற்று. இவன் போகாவிட்டால் ஜாமீன் ரத்தாகும், பசு போய்விடும், பால் போய்விடும். ஆனால் பசு நகரவில்லை. கறந்தால்தான் நகரும்.

“உனக்குக் கறக்கத் தெரியுமா?”

“கோழிதாம்மா நமக்குப் பழக்கம்.”

நானோ மாட்டைப் பள்ளிப் புத்தகத்தில் மட்டுமே அறிந்தவள். கறந்து முடித்ததும் பால்காரர் போடும் சத்தம் நினைவுக்கு வந்தது. தெருவை இருபுறமும் பார்த்துவிட்டு, கட்டைக் குரலில், “போதும்டி ராணி!” என்றேன். பசு நடந்தது.

அடுத்த வீட்டில் மறுபடி நின்றது. மறுபடி நான். இடுப்பில் குழந்தை வேறு என்னைவிட உரக்கக் கத்தினாள். இது தகுமா, இவருக்குத் தெரிந்தால் என்ன ஆகும் என்று யோசித்துக்கொண்டே வீட்டுக்கு வீடு கத்தினேன். ‘இவர்’ என்றால் என் கணவர். அதே கோர்ட்டில் மொழிபெயர்ப்பாளர்.

உள்ளே நடந்ததை அவர்தான் பிறகு சொன்னார். மாரியின் பெயரைக் கூப்பிட்டும் ஆள் இல்லை. வெள்ளைக்கார மாஜிஸ்திரேட் ஜாமீனை ரத்து செய்து, வாரண்டுக்கு உத்தரவிட்டு, “உன் பசுவை ஏன் பறிமுதல் செய்யக்கூடாது?” என்று கேட்டார்.

“ராகு காலம், துவான்!” என்று பால்காரர் கைகூப்பினார்.

சூரியனை விழுங்கும் பாம்பைப்பற்றி என் கணவர் இங்கிலீஷில் தடுமாறிக்கொண்டிருந்தபோது, வெளியே என் குரல்: “போதும்டி ராணி!”

கோர்ட்டே ஜன்னல் பக்கம் திரும்பியது.

“அது என்ன?” என்றார் மாஜிஸ்திரேட்.

என் கணவர் கண்ணை மூடிக்கொண்டு மொழிபெயர்த்தார்: “குற்றம் சாட்டப்பட்டவர் ஆஜராகிவிட்டார், துவான்.”

பால்காரர் பாய்ந்து வந்து முதலில் பசுவைக் கட்டிக்கொண்டார். பிறகு குழந்தையைப் பார்த்தார். “அலமாக், ஐயையோ, பாப்பா இன்னும் பால் குடிக்கலியா?” மாஜிஸ்திரேட் ஜன்னல் வழியே பார்த்துக்கொண்டிருக்க, அங்கேயே உட்கார்ந்து கறந்தார்.

பசு தப்பியது. மாரி கோழிக்காகக் கொஞ்ச நாள் உள்ளே இருந்தான். பால்காரர் தினமும் அவனுக்கும் பால் கொண்டுபோனார். இனி ஜாமீன் நிற்காதே என்று மாஜிஸ்திரேட் எச்சரித்தது அடுத்த திருட்டு வரைக்கும் தாங்கியது.

என் மகள் இப்போது சோறு சாப்பிடுகிறாள். ஆனாலும் காலையில் பால்காரர் வரக் கொஞ்சம் தாமதமானால் நான் வாசலுக்கு வந்துவிடுகிறேன். அவரையே என்றைக்காவது பிடித்து அடைத்தால் நான்தான் ஜாமீன் நிற்பேன் என்று என் கணவரிடம் இப்போதே சொல்லி வைத்திருக்கிறேன்.