பின்வரிசைப் பெண்கள்

மின்னகரம் என்று ஒரு நாடு. அங்கே வரி வசூல் முதல் அணையின் மதகுகள் வரை எல்லாவற்றையும் கணினிகளே நடத்தின. கணினிக் கூடத்தில் பெண்கள் நிறையப் பேர். தலைமை நாற்காலிகளில் ஒருத்திகூட இல்லை. இதைக் கேள்விப்பட்ட அரசர் மனம் வருந்தி, மகளிர் முன்னேற்றத்துக்கென்றே வாகைமாறன் என்பவரை அமைச்சராக்கினார்.

அமைச்சர் முதல் ஆணையைப் பிறப்பித்தார்: பெண்கள் அனைவரும் தினமும் பிற்பகலில் முன்னேற்ற விழாவுக்கு வரவேண்டும், அவர் பேசுவார். வேலை தேங்கியது. உடனே இரண்டாம் ஆணை: வேலை தேங்கியவர்களுக்குப் பதவி உயர்வு இல்லை. மூன்றாவது இன்னும் கருணை மிக்கது: அவர்களுக்குப் பூமாலை போட்டு, மரியாதையோடு வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள்.

மதகுகளை இயக்கும் புரோகிராம்களை எழுதிவந்தவள் அங்கயற்கண்ணி. ஒரு விழாவில், பக்கத்தில் இருந்த மெய்யம்மை கண்ணைத் துடைத்துக்கொள்வதைப் பார்த்தாள்.

"அடுத்த பூமாலை எனக்குத்தான்டி," என்றாள் மெய்யம்மை. "புரோகிராம்ல எங்க தப்புன்னே தெரியல. கேட்டா சிரிப்பாங்கன்னு யார்கிட்டயும் கேக்கல."

அங்கயற்கண்ணிக்குச் சுருக்கென்றது. அதே பயத்தில்தான் அவளும் இத்தனை காலம் தனியாக முட்டி மோதிக்கொண்டிருந்தாள்.

"லேப்டாப்ப எடு. பின்னாடி போயிடலாம்."

மேடையில் அமைச்சர் பெண்மையின் பெருமையை விளக்கிக்கொண்டிருக்க, கடைசி வரிசையில் தப்பு அகப்பட்டது. மறுநாள் இன்னும் சிலர் பின்னால் வந்தார்கள். ஒருத்திக்குத் தரவுத்தளம் அத்துப்படி. இன்னொருத்திக்கு மேலதிகாரியிடம் தயங்காமல் பதவி உயர்வு கேட்கத் தெரியும். தெரிந்தவள் சொன்னாள், கேட்டவள் அடுத்தவளுக்குச் சொன்னாள். விழா முடிவதற்குள் அன்றைய வேலையும் முடிந்துவிட்டது.

முன்வரிசைகள் காலியாவதை அமைச்சரும் கவனித்தார். "என்ன அடக்கம்," என்று பாராட்டினார்.

அந்த ஆண்டு தலைமைப் பதவிகளுக்குப் பொதுத் தேர்வு நடந்தது. அரசவையில் முடிவை வாசித்தார்கள். பெரும்பாலான நாற்காலிகள் பெண்களுக்கு. கூடத்தின் தலைவி அங்கயற்கண்ணி. மதகுகளின் பொறுப்புக்கு மெய்யம்மையின் பெயரை வாசித்தபோதுதான் அங்கயற்கண்ணிக்கு நெஞ்சு நிறைந்தது.

"எல்லாம் அடியேனுடைய சொற்பொழிவின் பலன், அரசே," என்றார் அமைச்சர்.

அரசர் நெகிழ்ந்துபோனார். "அந்தப் பாக்கியம் ஆண்களுக்கும் கிடைக்கட்டும்."

மறுநாள் அரங்கம் நிரம்பி வழிந்தது. முன்வரிசைகளில் மட்டும் ஈ காக்கை இல்லை.

"கொஞ்சம் தள்ளி உக்காந்தீங்கன்னா நானும் கேட்டுக்குவேன் மேடம்," என்றார், நேற்றுவரை கூடத்தின் தலைவராக இருந்த கூத்தரசன், லேப்டாப்போடு கடைசி வரிசைக்கு வந்து.

அங்கயற்கண்ணி தள்ளி உட்கார்ந்தாள். கூட்டத்தைக் கண்டு பூரித்த அமைச்சர் அன்று வழக்கத்தைவிட நெடுநேரம் பேசினார். அது எல்லோருக்கும் மிகவும் வசதியாக இருந்தது.