மட்டன் ரோல்ஸை என் பேரில் பதியப்போன கதை

ட்ருகனினா,
சனிக்கிழமை.

காலஞ்சென்ற என் மனைவி மாக்கிறேட்டின் ஒரே தங்கையும், தற்சமயம் வெரிபீயில் வசிப்பவருமாகிய யோகராணி அவர்களுக்கு,

அத்தான் ஸ்ரான்லி எழுதிக்கொள்வது. மடு மாதாவின் கிருபையால் நான் இங்கு நலம். உம்முடைய நலத்தை விசாரிக்கும் எண்ணம் எனக்கில்லை. ஆனால் கடிதம் என்றால் விசாரிக்கத்தான் வேண்டும், ஆகவே விசாரிக்கிறேன்.

மாக்கிறேட்டின் ஆண்டுத் திருப்பலி முடிந்த அடுத்த ஞாயிறு, கோவில் மண்டபத்தில் நீர் 'மட்டன் ரோல்ஸ்' என்று பெட்டியில் எழுதி விற்றதும், அதைக் கடிச்ச சனமெல்லாம் "மாக்கிறேட் அன்ரியின்ரை மாதிரியே இருக்கு" எண்டு சொன்னதும், நான் எழும்பி வந்து உடனை நிப்பாட்டும் எண்டதும், "ரோல்ஸ் என்ன அத்தான், உங்களுக்கு வந்த சீதனமோ?" எண்டு நீர் எல்லாருக்கும் முன்னால கேட்டதும் உமக்கு மறந்திருக்காது. மூண்டு மாசமாய் நாங்கள் கதைக்கேல்லை. அந்த மூண்டு மாசமும் நான் சும்மா இருக்கேல்லை எண்டதை அறியத்தரவே இக்கடிதம்.

'மட்டன் ரோல்ஸ்' எண்ட சொல்லை ட்ரேட்மார்க்காய் என்ரை பேரில பதிஞ்சு, உம்மை ஒரு பெட்டியிலயும் எழுதவிடாமல் செய்யிறதெண்டு விண்ணப்பம் போட்டனான். சிட்னியில இருக்கிற மகன் றிஷி, பாணுக்கு 'பிரெட்' எண்டு பேர் பதியேலாது டாட், இதுவும் அப்பிடித்தான் எண்டு இங்கிலிசில சொன்னவன். இங்கிலிசில போட்டால்தானே பிரச்சினை, நான் தமிழ் எழுத்தில போட்டன், வெள்ளைக்காரனுக்கு என்ன விளங்கப்போகுது எண்டு. போட்டிட்டு நிம்மதியாய் நித்திரை கொண்டன். பிறகு பார்த்தால், ட்ரேட்மார்க் ஒபிஸ்காரர் அதை மொழிபெயர்ப்பிச்சு, பதியேலாது, மட்டன் ரோல்ஸ் எண்டால் ஆட்டிறைச்சி வைச்சுச் சுத்திப் பொரிச்ச பலகாரம் எண்டு எனக்கே விளக்கம் எழுதி அனுப்பியிருக்கினம். கடிதத்தில இருந்த நம்பருக்கு எடுத்தன். கிரண் எண்டு ஒரு இந்தியத் தமிழ்ப் பொடியன், நல்ல மரியாதை. அவருக்கு உம்மட குணம் முழுக்கச் சொன்னன். நாப்பது நிமிஷம் பொறுமையாய்க் கேட்டிட்டு, "சார், அதைச் செய்ற எல்லாருக்கும் அந்தச் சொல்லு வேணும் சார். உங்க மச்சினிக்கும் வேணும்" எண்டார். எனக்குச் சரியான கோவம். ஆனாலும் அந்தக் கிழமை முழுக்க என்னோட அவ்வளவு நேரம் கதைச்சது அவர் ஒராள்தான், அதாலை அடுத்த நாளும் எடுத்தன்.

இதுக்கிடையில, விண்ணப்பத்தில இந்தப் பேரில வியாபாரம் செய்யப்போறீரோ எண்டு கேட்ட இடத்தில நான் ஓம் போட்டிருந்தபடியால், பொய்யாகக் கூடாதெண்டு ரோல்ஸ் செய்யக் குசினிக்கை இறங்கினன். எல்லாம் எண்ணெய்க்கை வெடிச்சு இறைச்சி வேறை, மா வேறையாய்ப் போச்சு. புகை அலாரம் பத்து நிமிஷம் அடிச்சது. ஒருத்தரும் வந்து என்னெண்டு கேக்கேல்லை. நான் கதிரையில ஏறி நிண்டு அதை நிப்பாட்டிப்போட்டு, இறங்கப் பயத்தில கொஞ்ச நேரம் அங்கையே நிண்டனான். உமக்கு இதெல்லாம் தேவையில்லாத விஷயம்.

ஆனால் கிரண் ஒரு வழி சொன்னார். வெறும் சொல்லைத் தரேலாது, வேறை ஆருக்கும் இல்லாத எழுத்து வடிவம், படம் ஏதும் இருந்தால் அதைக் கேட்டுப் பாக்கலாமாம். உடனை எனக்கு எங்கட ஃபிரீசர் நினைவு வந்தது. மாக்கிறேட் கடைசி நத்தார்ப் பண்டிகைக்குச் செய்து வைச்ச ரோல்ஸ், ஐஸ்கிறீம் பெட்டிக்கை இன்னும் அப்பிடியே கிடக்கு. மூடியில டேப் ஒட்டி, வட்டம் வட்டமாய்ப் புள்ளி வைச்சு அவ 'மட்டன் ரோல்ஸ்' எண்டு எழுதின எழுத்து. அதைப் படம் எடுத்து, இது என் மனைவியின் கையெழுத்து எண்டு சத்தியமாய் எழுதி, திங்கட்கிழமை அனுப்பப்போறன். இனி அந்த எழுத்தில நீர் ஒரு பெட்டியும் எழுதேலாது. உம்மட கோழிக்கிறுக்கலில எழுதி வில்லும்.

உமக்கும் உம்முடைய வீட்டாருக்கும் மாதா துணை நிற்பாராக. உமக்கு மட்டும் கொஞ்சம் குறைவாக.

இப்படிக்கு,
உம்முடன் கதைக்காத அத்தான்,
ஸ்ரான்லி.

பி.கு.: பெட்டியை எல்லாப் பக்கமும் படம் எடுப்பமெண்டு இப்பதான் வெளியில எடுத்துப் பிரட்டினன். அடியிலயும் ஒரு டேப். அதே வட்டப் புள்ளி. 'சுத்தினது அக்கா, எழுதினது நான். பன்னிரண்டு இருக்கு அத்தான், எண்ணித்தான் வைச்சிருக்கிறன், களவெடுக்க வேண்டாம் - யோகா' எண்டு இருக்கு.

நான் ஒண்டும் எடுக்கேல்லை. இப்பவும் எண்ணினன், பன்னிரண்டும் இருக்கு. திங்கட்கிழமை ஒண்டும் அனுப்பமாட்டன். நாளைக்குப் பூசை முடிய வீட்டை வா, யோகா. எனக்குப் பொரிக்கத் தெரியாது.